கோட்டுக்கு வெளியே மூன்று விரல்

உலக டென்னிஸ் தரவரிசையில் எனக்கு ஒரு புள்ளி இருந்தது. ஒன்றே ஒன்று. சிரிக்கிறவர்கள் சிரிக்கலாம், திருகோணமலையில் எல்லாரும் சிரித்து முடித்துவிட்டார்கள். டென்னிஸ்தான் என் தொழில் என்று யாரிடமாவது சொன்னால், "அது சரி தம்பி, வேலை என்ன?" என்றுதான் அடுத்த கேள்வி வரும். ஒரு புள்ளி இருந்தால் பட்டியலின் கடைசிப் பக்கத்திலாவது பெயர் நிற்கும். ஆனால் அந்தப் புள்ளிக்கு ஆயுள் ஒரு வருடம்தான். அதற்குள் ஏதாவதொரு சர்வதேசப் போட்டியின் பிரதான சுற்றில் இன்னொரு ஆட்டம் வெல்லவேண்டும். வெல்லாவிட்டால் புள்ளி போகும், கூடவே பெயரும் போகும்.

இந்தியாவில் தோற்றேன். தாய்லாந்தில் வயிற்றோட்டத்தோடு விளையாடித் தோற்றேன். கடைசியில் புள்ளி காலாவதியாவதற்கு முன் எனக்கு மிச்சமிருந்தது கொழும்புப் போட்டி ஒன்றுதான். என் மனைவி ஆஸ்பத்திரியில் தாதி. இரவு வேலை முடிந்து வந்து, சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் குசினி வாசலில் நின்று சொன்னாள்.

"இஞ்சேருங்கோ, கொழும்பிலயும் வெல்லேல்லையெண்டால் இதோட விடவேணும். நிலாவெளி ஹோட்டல்காரர் நிரந்தர வேலை தாறன் எண்டு எத்தினை தரம் கேட்டிட்டினம்? வெள்ளைக்காரருக்குப் பந்து பொறுக்கிக் குடுத்தாலும் அது வேலை. சத்தியம் பண்ணுங்கோ."

சத்தியம் பண்ணினேன். வெல்லுவேன் என்ற திமிர்தான், வேறென்ன!

நான் பயிற்சி எடுத்த இடத்தைச் சொல்லவேண்டும். உட்துறைமுகக் கரையில், வாகை மரங்களுக்கு நடுவே ஒரு பழைய கிளப் இருக்கிறது. உறுப்பினர்களில் பாதிப்பேர் கரம் போர்ட் விளையாட வருகிறவர்கள், மீதிப்பேர் அதைப் பார்க்க வருகிறவர்கள். பின்புறம் ஒரேயொரு மண் கோர்ட். அங்கே தண்ணீர் அலையே எழுப்பாது. எதிர்க்கரையில் கோதுமை மா ஆலையின் இரைச்சல் மட்டும் எந்நேரமும் கேட்டுக்கொண்டிருக்கும், கேட்டுக் கேட்டு அது காதில் விழாமலே போய்விடும். என்னோடு விளையாட ஊரில் ஆள் இல்லை. கூடை நிறையப் பந்தோடு போய், இந்தப் பக்கம் நின்று சேர்வ் அடித்து, அந்தப் பக்கம் போய்ப் பொறுக்கி, திரும்பி வந்து மறுபடியும் அடிப்பேன். விசரன் என்று கரம் கோஷ்டி பெயர் வைத்திருந்தது.

கோர்ட்டைப் பார்த்துக்கொண்டவர் கிண்ணியாவிலிருந்து மோட்டார் சைக்கிளில் வருகிற ஒரு முஸ்லிம் அண்ணன், எல்லாருக்கும் அவர் நானா. மாரி முடிந்ததும் கோர்ட்டுக்குப் புது மண் போடுவது வழக்கம். எந்த மண்ணும் சரிவராது, கறையான் புற்று மண்தான் வேண்டும். அதைச் சலித்து, தண்ணீர் தெளித்து, ரோலர் உருட்டினால் சீமெந்துபோல இறுகும். மேலே மட்டும் மெல்லிய தூள் படிந்திருக்கும். இம்முறை நானா அதைக் கட்டைபறிச்சான் பக்கத்திலிருந்து உழவு இயந்திரப் பெட்டியில் கொண்டுவந்து இறக்கினார். நல்ல செம்மண் நிறம்.

"ஆற்ற வீட்டு வளவு நானா இது?" என்று கேட்டேன்.

"ஆக்கள் இல்லாத வளவு தம்பி. சண்டைக்குள்ள போனவங்க, திரும்பி வரல்ல. ஊடும் இல்ல, கெணறு மட்டும் கெடக்கு. ஊடு இருந்த எடத்துல ஆள் உசரத்துக்குப் புத்து எழும்பி நிக்குது. சும்மா கெடக்கிற மண்தானே எண்டு வெட்டிட்டு வந்தன்."

வீட்டில் வந்து இதைச் சொன்னதும் மனைவிக்கு முகம் மாறிவிட்டது. "குடியிருந்த வீட்டுக்குள்ள எழும்பின புத்தை ஆரும் வெட்டுவினமே? அதில போய் சப்பாத்துக் காலோட நிண்டு குதிக்கப் போறீங்களோ?" என்றாள். நான் விடுவேனா? "உம்மட பாம்பு வந்து என்ர பக்கத்தில நிண்டு விளையாடட்டும், எனக்கும் ஆள் இல்லைத்தானே" என்று நக்கலடித்தேன். அவள் எழும்பிப் போய்விட்டாள்.

மண் கோர்ட்டில் பந்து விழுந்தால் தடம் இருக்கும். முட்டை வடிவத்தில், பின்னால் ஒரு சின்ன வாலோடு. பந்து எங்கிருந்து வந்தது, எவ்வளவு வேகமாக வந்தது என்பதை அந்தத் தடத்தைப் பார்த்தே சொல்லிவிடலாம். புது மண் போட்டுக் கொஞ்ச நாளில், ஒரு பின்னேரம் பந்து பொறுக்கிக்கொண்டு என் பக்கம் திரும்பி வந்தேன். பின்கோட்டின் இடது மூலையில் ஒரு தடம் கிடந்தது. கோட்டுக்கு வெளியே மூன்று விரல் தூரம். பந்து வலைக்கு அந்தப் பக்கமிருந்து வந்த மாதிரி அதன் வால் கிடந்தது. அந்தப் பக்கம் ஒருவரும் இல்லை. நான் அடிப்பதற்குமுன் ஈரச் சாக்கு இழுத்து அந்த இடத்தை மட்டமாக்கியிருந்தேன்.

மான் மிதித்திருக்கும் என்று நினைத்தேன். எங்கள் ஊரில் மான்கள் மாடுகள்போலத் திரிகிறவை. ஆனால் மான் குளம்பு இப்படியா பதியும்? குரங்கு பந்தெடுத்து எறிந்திருக்குமோ? கூடையில் பந்து குறையவில்லை. தடத்தைச் சப்பாத்தால் தேய்த்துவிட்டு மறுபடி சேர்வ் அடித்தேன். பொறுக்கிக்கொண்டு வந்தேன். அதே மூலை, அதே மூன்று விரல், புதுத் தடம்.

அடுத்த நாளும். அதற்கடுத்த நாளும்.

நானாதான் விளையாட்டுக் காட்டுகிறார் என்று நினைத்து ஏசிவிட்டேன். "என்ன நானா, என்னைப் பேக்காட்டுறீங்களோ?" மனுஷன் கோபப்படவில்லை. வந்து குனிந்து தடத்தைப் பார்த்தார். பிறகு நிமிர்ந்து வலைக்கு அந்தப் பக்கத்தைப் பார்த்தார். வாய்க்குள் ஏதோ ஓதினார்.

"வல்லாஹி நான் இல்ல தம்பி," என்றார். "இனி இந்தப் பாதிய நீங்களே கூட்டிக்கொள்ளுங்க. என்னால ஏலாது."

அன்றிலிருந்து அவர் நான் நிற்கிற பாதியில் கால் வைக்கவில்லை. ரோலரும் வலையோடு நின்றுவிடும்.

பயந்தேன். அதைச் சொல்ல எனக்கென்ன வெட்கம்! நல்ல வெளிச்சத்தில், கரம் காய் மோதுகிற சத்தம் கேட்கிற தூரத்தில் நின்று பயந்தேன். சேர்வ் அடிக்கக் கை தூக்கும்போது எதிர்ப்பக்கம் ஒருவர் முழங்கால் மடித்துக் காத்திருப்பதுபோல இருக்கும். சில வேளைகளில் மா ஆலையின் இரைச்சல் சட்டென்று நின்றுபோகும். அது நின்றால்தான் அவ்வளவு நேரமும் அதைக் கேட்டுக்கொண்டிருந்தது தெரியும். அப்படி நின்ற நேரங்களில் திரும்பிப் பார்த்தால் தடம் விழுந்திருக்கும். பந்து விழுகிற சத்தத்தை ஒருநாளும் கேட்டதில்லை.

வேறு இடம் பார்க்கலாம்தானே என்று நீங்கள் கேட்பீர்கள். வேறு கோர்ட் எங்கே இருக்கிறது? கொழும்பில் விளையாடப்போவது மண்ணில், எனக்குக் கிடைத்த மண் இதுதான். மனைவியிடமும் வாய் திறக்கவில்லை. அவ்வளவு நக்கலடித்துவிட்டு எந்த முகத்தோடு போய்ச் சொல்வது? சொன்னால், போகவேண்டாம் என்று படலையிலேயே மறித்துவிடுவாள். ஆகையால் எனக்குத் தெரிந்த ஒரே வேலையைச் செய்தேன். தடத்தைக் கண்டதும், அதை நன்றாகப் பார்ப்பதற்குள், இடது சப்பாத்தால் ஒரு தேய்ப்பு. "போ" என்று ஒரு சொல். பிறகு அடுத்த பந்து. போகப் போக எனக்கு அது பல் விளக்குகிற மாதிரி ஆகிவிட்டது. யோசிக்காமலே கால் போகும்.

கொழும்பில் முதல் சுற்று. எதிரே நின்றவன் ஐரோப்பியன், பனைபோல உயரம், என்னைவிடப் பத்து வயதாவது இளையவன், மரியாதையான பிள்ளை. முதல் செட் அவனுக்கு, இரண்டாவது எனக்கு. மூன்றாவதில் என் சேர்வ் இதுவரை இல்லாத மாதிரி விழுந்தது. அதை ஒளிக்க முடியாது. அந்த ஆளில்லாக் கோர்ட்டில் யாருக்கோ அடித்து அடித்துத்தான் அது அப்படி ஆனது. கடைசியில் இன்னும் ஒரேயொரு புள்ளி எடுத்தால் ஆட்டம் எனக்கு என்ற நிலை. பார்க்க வந்திருந்த நாலைந்து பேரும் எழும்பி நின்றார்கள்.

எங்கள் மட்டத்துப் போட்டிகளில் கோடு பார்க்கத் தனி ஆட்கள் கிடையாது. உயரக் கதிரையில் ஒரு நடுவர் மட்டும் இருப்பார். அவர் வாய் திறக்காவிட்டால் பந்து உள்ளே என்று அர்த்தம். சந்தேகம் என்றால் ஆட்டத்தை நிறுத்தித் தடத்தைக் காட்டலாம், அவர் இறங்கிவந்து பார்ப்பார். மண்ணில் தடம்தான் சாட்சி. நடுவர் பார்க்குமுன் அந்தத் தடத்தை அழித்தவனுக்கு வழக்கு இல்லை, புள்ளி எதிராளிக்குப் போய்விடும். மட்டை பிடிக்கிற முதல் மாதத்திலேயே எல்லாருக்கும் தெரிந்துவிடுகிற விஷயம் இது.

சேர்வ் அடித்தேன். அவன் எப்படியோ எட்டி, உயரமாகத் திருப்பி அடித்தான். பந்து என் தலைக்கு மேலாகப் போய்ப் பின்கோட்டின் இடது மூலையில் விழுந்தது. வெளியே! தெளிவாக வெளியே. நடுவர் வாய் திறக்கவில்லை. நான் ஆட்டத்தை நிறுத்தி, விரலை உயர்த்திக்கொண்டு மூலைக்குப் போனேன். தடம் கிடந்தது. முட்டை வடிவம், பின்னால் வால். கோட்டிலிருந்து மூன்று விரல்.

அந்த நேரம் நான் கொழும்பில் இல்லை. மா ஆலை இரைச்சல் நின்ற மாதிரி இருந்தது. கோர்ட்டைச் சுற்றி நின்ற ஆட்கள் ஒருவரும் கண்ணுக்குத் தெரியவில்லை. "போ" என்று என் வாய் சொன்னது எனக்கே கேட்டது. குனிந்து பார்த்தபோது சப்பாத்துக்குக் கீழே மண் மட்டமாக இருந்தது.

நடுவர் கதிரையிலிருந்து பாதி இறங்கி அப்படியே நின்றார். எதிராளி வலைவரை வந்து, மண்ணையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தான். அவனுக்கும் நம்பமுடியவில்லை. நடுவர் கையை விரித்துவிட்டு மேலே ஏறி, புள்ளி அவனுக்கு என்று அறிவித்தார். அதற்குப் பிறகு நான் விளையாடியதை விளையாட்டு என்று சொல்ல ஏலாது. அரை மணித்தியாலம்கூட ஆகவில்லை, அவன் வந்து கை கொடுத்தான்.

திங்கட்கிழமை புதுப் பட்டியல் வரும். நான் அதைப் பார்க்கவே இல்லை. தடத்தை அழித்துத் தோற்றேன் என்பதை மட்டும் மனைவியிடம் சொல்லியிருந்தேன். சோறு போட்டு வைத்துவிட்டுக் கதிரையில் குந்தியிருந்த மனைவிதான் போனை எடுத்துப் பார்த்தாள். கடைசிப் பக்கத்துக்குப் போனாள். விரலால் மேலே தள்ளினாள், கீழே தள்ளினாள். பிறகு முதலிலிருந்து தொடங்கினாள். விடச் சொல்லிச் சத்தியம் வாங்கினவள் அவள்தான்.

"வடிவாப் பாத்தனான். எங்கையும் இல்லை," என்றாள். பிறகு கேட்டாள்: "பந்து வெளியதானே விழுந்தது?"

"ஓம்."

"அப்ப ஏன் அழிச்சனீங்கள்?"

ஒன்றும் மறைக்காமல் எல்லாவற்றையும் சொன்னேன். வளவு மண், மூலை, நானா ஓதினது, என் கால் பழகினது. சொல்லச் சொல்ல அவள் ஏசுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் போனைக் கவிழ்த்து மடியில் வைத்துக்கொண்டாள்.

"இவ்வளவு நாளும் அதுக்கு முன்னால தனிய நிண்டனீங்களோ?" என்றாள். "வாய் திறந்து ஒரு சொல் சொன்னால் என்ன? எனக்கு மட்டை பிடிக்கத் தெரியாதுதான். ஆனா அந்தப் பக்கத்தில ஒரு கதிரையைப் போட்டுக்கொண்டு நான் இருந்திருப்பனே."

தோற்றபோது அழவில்லை. அப்போதுதான் அழுதேன்.