அடுத்தவர் ஊரில் சொந்த ஆட்டம்

ஸ்கார்வவீக் மீன் தொழிற்சாலையில் ஹெர்தீஸின் கத்திக்குத் தனிப் பெயர் இருந்தது. காட் மீனை ஒரு முள் மிச்சமில்லாமல் பிரித்துப் போடுவாள். பேச்சும் அப்படித்தான், சுற்றி வளைக்க வராது. பொய் சொல்லியே ஆகவேண்டும் என்கிற இடத்தில் வாயை மூடிக்கொள்வாள். அதற்கு மேல் அவளால் ஆகாது.

அவள் அப்பா ஸ்டூர்லா துறைமுகத்தில் மேஸ்திரியாக இருந்தவர். ஊருக்குக் கால்பந்து மைதானம் வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றார். மலைக்கும் கடலுக்கும் நடுவே இருந்த பாறைத் திட்டை வெடிவைத்துப் பிளந்து, வேலை முடிந்து வீட்டுக்குப் போகிறவர்களையெல்லாம் வழிமறித்து மண்வெட்டியைக் கையில் கொடுத்து, மூன்று கோடையில் சமப்படுத்தினார். அந்த உப்புக்காற்றில் புல் நிற்காது. அதனால் கருஞ்சரளை கொட்டினார்கள். ஐஸ்லாந்தின் கிழக்குக் கரையில் பாதி ஊர்களுக்கு அன்றைக்கு அதுதான் மைதானம்.

அந்தச் சரளையில் பதினைந்து வருஷம் விழுந்து எழுந்தவன் ஹெர்தீஸின் கணவன் ஓத்தார். மின்நிலையத்தில் வேலை. ஊர் அணிக்கு கோல்கீப்பர். ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் முடிந்து வந்தால் குளியலறையில் பஞ்சும் சாராயமுமாக உட்கார்ந்து இடுப்பைத் துடைத்துக்கொண்டிருப்பான். தோலுக்கடியில் கருப்புக் கருப்பாகப் பொடிக்கற்கள் தங்கிப்போயிருந்தன.

"உங்கப்பன் மைதானத்துல பாதி என் இடுப்புலதான் இருக்கு" என்பான். சிரித்துக்கொண்டேதான் சொல்வான்.

எழுபத்து மூன்றாம் வருஷம் யாரும் எதிர்பாராமல் ஸ்கார்வவீக் நாட்டின் கோப்பையை வென்றது. கோப்பை வென்ற அணி அடுத்த வருஷம் ஐரோப்பியப் போட்டிக்குப் போகும். கோடையில் சீட்டுக் குலுக்கினார்கள். எதிரணியாக வந்தது பெல்ஜியத்தில் நிலக்கரிச் சுரங்கம் இருந்த ஒரு ஊரின் அணி. அவர்களுடைய மைதானத்தில் உட்காரும் இடங்களே ஸ்கார்வவீக்கின் மொத்த ஜனத்தொகையைப் போல இருபது மடங்கு என்று ரேடியோவில் சொன்னார்கள்.

ஸ்டூர்லா அப்போதே நுரையீரல் கெட்டுப்போய், மேட்டிலிருந்த ஆஸ்பத்திரியில் படுத்திருந்தார். அவர் கட்டிலின் ஜன்னல் நேராக மைதானத்தைப் பார்த்தது. மருந்து கொடுக்க வருகிறவர்கள், தரை துடைக்க வருகிறவர்கள், எல்லோருக்கும் அவர் போட்டியின் முறையை விளக்கிக்கொண்டிருந்தார்.

"ரெண்டு ஆட்டம். ஒண்ணு அவங்க ஊர்ல, ஒண்ணு நம்ம ஊர்ல. ரெண்டுலயும் போட்ட கோலைக் கூட்டிப் பாப்பாங்க. கூடுதலா வச்சிருக்கிறவன் அடுத்த சுற்றுக்குப் போவான், மத்தவன் வீட்டுக்குப் போவான். சமமா வந்துச்சுன்னா? அடுத்தவன் ஊர்ல போய் யார் அதிகமா கோல் போட்டானோ அவன்தான் ஜெயிச்சவன். ஏன்னா எதிராளி வீட்டுக்குள்ள பூந்து அடிக்கிறது லேசு இல்ல பாரு!"

"தாத்தா, மாத்திரையை முழுங்குங்க முதல்ல" என்பாள் நர்ஸ்.

"முழுங்கறேன். பெல்ஜியத்துக்காரன் இந்தச் சரளையில கால வச்சு வழுக்கி விழறதப் பாத்துட்டு, அப்புறம் என்னைப் புதைச்சுக்கோங்க."

ஆகஸ்டில் ஊர்க் கால்பந்துச் சங்கத்தின் கூட்டம் நடந்தது. சக்கர நாற்காலியில் அவரை ஹெர்தீஸ்தான் தள்ளிக்கொண்டு போனாள். சங்கத் தலைவர் ஹாகோன் எழுந்து, பெல்ஜியத்தார் ஒரு யோசனை சொல்லியிருப்பதாக ஆரம்பித்தார். இரண்டு ஆட்டத்தையும் அவர்கள் மைதானத்திலேயே ஒரே வாரத்தில் முடித்துக்கொள்ளலாம். போக்குவரத்து, தங்கல், சாப்பாடு எல்லாம் அவர்கள் பார்த்துக்கொள்வார்கள். காகிதத்தில் முதல் ஆட்டம் அவர்களுடையது, இரண்டாவது நம்முடையது. ஆடுவது மட்டும் அங்கே. நம் மைதானத்துக்கு விளக்கு கிடையாது. செப்டம்பர் கடைசியில் பனி விழுந்தால் விமானம் இறங்காது. அந்தக் காலத்தில் ஏழைச் சங்கங்கள் பலதும் அப்படித்தான் செய்துகொண்டிருந்தன, விதியும் அதை அனுமதித்தது.

ஸ்டூர்லா இருமி முடிக்கும்வரை எல்லோரும் காத்திருந்தார்கள்.

"ஏப்பா ஹாகோன், ஐரோப்பா நம்ம வாசல்ல வந்து கதவத் தட்டுது. நீ பின்வாசல் வழியா ஓடிப்போய் அவன் வீட்டுலயே ரெண்டு வேளையும் சாப்பிட்டு வரேங்கறே. வெக்கமா இல்ல?"

"வெக்கத்த வச்சு விமானத்துக்குப் பெட்ரோல் போட முடியாது, ஸ்டூர்லா."

கூட்டம் சிரித்தது. கை தூக்கச் சொன்னார்கள். ஹெர்தீஸ் தூக்கவில்லை. ஆட்டக்காரர்கள் வரிசையில் ஓத்தார் முதலில் அவளைப் பார்த்தான், பிறகு மாமனாரைப் பார்த்தான், பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு கையைத் தூக்கினான். அவன் கைக்குப் பிறகு மற்ற ஆட்டக்காரர்களின் கைகளும் ஒவ்வொன்றாக உயர்ந்தன.

வீட்டுக்கு வந்ததும் அவள் கோட்டைக்கூடக் கழற்றவில்லை.

"ஏன் தூக்கினே?"

அவன் நாற்காலியில் உட்கார்ந்து பூட்ஸின் கயிற்றை அவிழ்த்துக்கொண்டே இருந்தான்.

"அங்கே புல்தரை, ஹெர்தீஸ். எனக்கு முப்பத்தாறு ஆயிடுச்சு. இனிமே இப்படி ஒரு ஆட்டம் வராது. ஒரு வாரமாவது புல்லுல விழணும்னு ஆசைப்பட்டேன்."

அவள் கோட்டைக் கழற்றி மாட்டினாள். பஞ்சு எடுத்துக் கொடுத்தது அவள்தானே. ஆனால் ஸ்டூர்லாவுக்கு அந்தக் காரணமெல்லாம் தேவைப்படவில்லை. அன்றிலிருந்து மருமகன் ஆஸ்பத்திரிக்கு வந்தால் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வார். ஓத்தார் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, கொண்டுவந்த உலர்மீனை மேஜைமேல் வைத்துவிட்டுப் போவான். பெல்ஜியத்துக்குக் கிளம்புவதற்கு முதல் நாளும் அப்படித்தான் நடந்தது.

புறப்படும் காலையில் காபி குடித்தபடியே அவன் சொன்னான்: "முதல் ஆட்டத்துல நாங்க ஒரு கோல் போட்டுட்டா நல்லது, அது வெளியூர் கோல். ரெண்டாவதுலதான் கவனமா இருக்கணும். அது பேருக்கு நம்ம ஆட்டம். அதுல அவங்க போட்டா அவங்களுக்கு வெளியூர்க் கணக்கு."

"அவங்க ஊர்லயே ஆடினாலும்?"

"அவங்க ஊர்லயே ஆடினாலும். விளையாட்டா இருக்குல்ல?" என்று சிரித்தான். அவள் சிரிக்கவில்லை.

புதன்கிழமை முதல் ஆட்டம். கோல் எதுவும் விழவில்லை, பூஜ்யத்துக்குப் பூஜ்யம். ஓத்தார் மதில்போல நின்றான் என்று மறுநாள் பத்திரிகையில் வந்தது. ஊரில் முன்பின் தெரியாதவர்கள்போல இருந்தவர்கள்கூடத் தெருவில் அவளை நிறுத்திக் கை குலுக்கினார்கள். ஆஸ்பத்திரியில் ஸ்டூர்லா பத்திரிகையை இரண்டு தடவை படிக்கச் சொல்லிக் கேட்டார். இந்தத் தடவை சுவர்ப்பக்கம் திரும்பவில்லை.

சனிக்கிழமை இரண்டாவது ஆட்டம். தொழிற்சாலையில் மதியத்தோடு வேலை முடிந்தது. எல்லோரும் சாப்பாட்டுக் கூடத்தில் ரேடியோவைச் சுற்றி உட்கார்ந்தார்கள். பெண்கள் சர்க்கரை தூவிய மெல்லிய அப்பங்களைச் சுருட்டித் தட்டுத்தட்டாக அடுக்கியிருந்தார்கள். நேரடி வர்ணனை கிடையாது. நாலு மணிச் செய்தியில் முடிவு மட்டும் சொல்வார்கள். சங்கத்து ஆட்கள் அத்தனை பேரும் பெல்ஜியத்தில் இருந்தார்கள்.

செய்தி வாசித்தவர் தும்முவதற்குக்கூட நேரமெடுத்துக்கொள்ளவில்லை. "ஸ்கார்வவீக் அணியின் இரண்டாவது ஆட்டம் ஒன்றுக்கு ஒன்று எனச் சமனில் முடிந்தது" என்றவர், அடுத்த மூச்சில் கடல் வானிலைக்குப் போய்விட்டார்.

யாரோ ரேடியோவை அணைத்தார்கள். பிறகு ஐஸ் வண்டி ஓட்டுகிறவன் மேஜைமேல் ஏறினான்.

"டேய், கணக்குப் போடுங்கடா! ரெண்டு ஆட்டமும் சமம். அவன் ஊர்ல போய் நாம ஒரு கோல் போட்டிருக்கோம். அவன் நம்ம ஊர்ல என்னத்தப் போட்டான்? நம்ம ஊருக்கே வரலையே! நாம ஜெயிச்சுட்டோம்டா!"

கூடமே எழுந்து கத்தியது. யாரோ அக்கார்டியனை எடுத்தார்கள். வெள்ளைக் கோட்டும் ரப்பர் பூட்ஸுமாகப் பெண்கள் சோடி சேர்ந்து ஆடினார்கள். ஹெர்தீஸை ஒருத்தி கட்டிப்பிடித்து, "உன் புருஷன் கையத் தங்கத்துல பூட்டணும்டி!" என்று முத்தமிட்டாள்.

ஹெர்தீஸ் அப்பத்தட்டைக் கையில் பிடித்தபடி நின்றாள். அந்தக் கூடத்தில் அவளுக்கு மட்டும் தெரியும். இரண்டாவது ஆட்டம் பேருக்கு நம்முடையது. அதில் அவர்கள் போட்டது வெளியூர் கோல். நாம் போட்டது சொந்த ஊர் கோல். தோற்றுப்போயாகிவிட்டது. வாயைத் திறக்கப் பார்த்தாள், திறக்கவில்லை. தட்டை வைத்துவிட்டு, கோட்டை மாட்டிக்கொண்டு மேட்டுக்கு ஏறினாள்.

அவள் சொல்லலாம் என்று வழியெல்லாம் ஒத்திகை பார்த்த எதுவும் அறைக்குள் போனதும் உதவவில்லை. நர்ஸ் முந்திக்கொண்டு ஒன்றுக்கு ஒன்று என்று சொல்லியிருந்தாள். ஸ்டூர்லா தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். யாரையோ விட்டுத் தலை வாரச் செய்திருந்தார். இத்தனை மாசத்தில் அப்படியொரு முகத்தை அவள் பார்க்கவில்லை.

"கேட்டியாம்மா? அடுத்த சுற்று! இந்தத் தடவை நான் விடப்போறதில்ல, இங்கதான் ஆடணும். நவம்பர்ல பனி விழுந்தா பெருக்கித் தள்ளுங்கடா." மூச்சு வாங்கிக்கொண்டார். "மாப்பிள்ள வரட்டும். கை குடுக்கறேன். தப்பா நினைச்சுட்டேன் அவனை. புல்லுலயும் நிக்கத் தெரிஞ்சவன்தான்."

அவள் கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"ஏம்மா நின்னுட்டே இருக்கே? உக்காரு."

அவள் உட்காரவுமில்லை, பேசவுமில்லை. முப்பத்து நாலு வருஷமாக அந்த வாய் மூடிக்கொள்வதற்கு அர்த்தம் என்ன என்று தெரிந்த ஒரே மனிதர் அவர். சிரிப்பு மெல்ல இறங்கியது. ஜன்னலைப் பார்த்தார். உதடு அசைந்து கணக்குப் போட்டது.

"ரெண்டாவது ஆட்டம்… காகிதத்துல யாரோடது?"

"நம்மளோடது, அப்பா."

"அப்போ அவன் போட்ட கோல்…"

"வெளியூர் கோல்."

"அவன் ஊர்லயே போட்டது?"

"ஆமாப்பா."

தொண்டையில் ஒரு சத்தம் வந்தது. சிரிக்கிறாரோ என்று முதலில் நினைத்தாள். கீழே தொழிற்சாலையிலிருந்து அக்கார்டியன் காற்றில் வந்து போய்க்கொண்டிருந்தது.

"அவங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாது."

"சொல்லாதே. ஆடட்டும். எப்படியும் போன் வந்துடும்."

பிறகு திரையை இழுத்து மூடச் சொன்னார். மைதானம் மறைந்தது. அதற்குப் பிறகு தண்ணீர் வேண்டும் என்பதைத் தவிர அவர் எதுவும் பேசவில்லை. திங்கட்கிழமை காலை இறந்துபோனார். அணி வரவேண்டிய விமானம் மூடுபனியில் இறங்க முடியாமல் தலைநகரிலேயே நின்றிருந்தது.

ஓத்தார் புதன்கிழமை வந்தான். இறங்குதளத்துக்கு அவள் மட்டும்தான் போயிருந்தாள். அவன் முகத்தைப் பார்த்ததுமே போனில் சாவுச் செய்தி எட்டிவிட்டது என்று புரிந்தது. பையைக் கீழே வைத்து அதன்மேலேயே உட்கார்ந்தான்.

"ஒலிபெருக்கியில நம்மளத்தான் சொந்த ஊர் அணின்னு சொன்னான். அவங்க கூட்டமே சிரிச்சுது" என்றான். "கோலாப் போன அந்தப் பந்து பிடிக்க லேசானது, ஹெர்தீஸ். தாழ வந்துச்சு. நம்ம சரளைன்னா குத்தி எழும்பியிருக்கும், நெஞ்சுல வாங்கியிருப்பேன். ஈரப்புல்லுல எழும்பல. கைக்கடியில வழுக்கிட்டுப் போயிடுச்சு. உங்கப்பா சொன்னதுதான் சரி. இங்க ஆடியிருந்தா அது கோல் இல்ல."

அவள் அவன் தோளைத் தொட்டாள்.

"முடிவு தெரிஞ்சுதான் போனாரா?"

"தெரிஞ்சுதான்."

"என்னப் பத்தி ஏதாவது சொன்னாரா?"

கை கொடுக்கிறேன் என்று சொன்னார். அது உண்மை. ஆனால் சொல்லும்போது அவருக்கு ஜெயித்துவிட்டோம் என்கிற நினைப்பு. தோற்றது தெரிந்துபோன பிறகு சொல்லவில்லை. ஹெர்தீஸுக்கு அதை எப்படிப் பிரித்துப்போடுவது என்று தெரியவில்லை. வாயை மூடிக்கொண்டாள். ஓத்தார் தலையை ஆட்டிவிட்டு எழுந்து பையைத் தூக்கினான். சவப்பெட்டியைச் சுமந்தவர்களில் அவனும் ஒருவன். கையுறை போட்டுக்கொள்ளச் சொன்னார்கள், மறுத்துவிட்டான்.

அதற்குப் பிறகு அவன் கோல்கம்பத்துக்கு நடுவே நிற்கவில்லை. வேறொரு பையன் வந்தான். ஸ்கார்வவீக் மறுபடி ஐரோப்பாவுக்குப் போகவேயில்லை. கீழ்ப்பிரிவுக்கு இறங்கி, அதற்கும் கீழே இறங்கி, கடைசியில் பக்கத்து ஊர் அணியோடு சேர்ந்து பெயரையும் இழந்தது. ஊரில் யாரும் ஓத்தாரைக் குற்றம் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலாவது அவன் சண்டை போட்டுத் தெளிந்திருப்பான். மின்நிலையத்துக்குப் போனான், வந்தான், இரண்டு பெண்பிள்ளைகளை வளர்த்தான். நல்ல கணவனாகத்தான் இருந்தான். மாமனாரின் பிறந்தநாளில் மட்டும் தனியாகக் கல்லறைக்குப் போய்விட்டு நேரங்கழித்து வருவான்.

அவன் எழுபதைத் தாண்டி இதயம் பலவீனப்பட்டுப் படுத்திருந்தபோது, ஒருநாள் மதியம் ஹெர்தீஸுக்குத் தாங்கவில்லை. கட்டிலருகே உட்கார்ந்து சொன்னாள்.

"அப்பா உனக்குக் கை குடுக்கறேன்னார், ஓத்தார். தப்பா நினைச்சுட்டேன்னார்."

அவன் கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தான்.

"எப்போ சொன்னாரு? தெரியறதுக்கு முன்னாடியா, பின்னாடியா?"

ஒரே ஒரு சொல் போதும். 'பின்னாடி' என்று சொல்லியிருக்கலாம். அவள் உதடு திறக்கவில்லை. அவன் புரிந்துகொண்டான். அவள் கையைத் தடவிக்கொடுத்து, "சரி, விடு" என்றான். அந்த வாரமே போய்விட்டான்.

ஹெர்தீஸ் பிறகு தலைநகரில் மகள் வீட்டுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன வீட்டுக்கு மாறினாள். இரண்டாயிரத்து இருபத்தொன்றில் ஐரோப்பியப் போட்டிகளிலிருந்து அந்த வெளியூர் கோல் விதியை எடுத்துவிட்டார்கள். இனிமேல் கோல்கள் சமமானால் கூடுதல் நேரம் ஆடுவார்கள், அதிலும் முடியாவிட்டால் பெனால்டி. வானொலியிலிருந்து ஒரு இளம்பெண் பழைய கதையைத் தேடிப்பிடித்துப் போன் செய்தாள்.

"அந்த விதி இப்போ இல்லம்மா. உங்களுக்கு என்ன தோணுது?"

"அப்போ இருந்துச்சே" என்றாள் ஹெர்தீஸ்.

அந்தப் பெண் இன்னும் ஏதாவது வரும் என்று காத்திருந்தாள். தொலைபேசியில் மூச்சுச் சத்தம் மட்டும் கேட்டது. அந்தப் பேட்டி கடைசிவரை ஒலிபரப்பாகவில்லை.