மகாவலியின் அரசிக்கு ஒரு பதாகை

இன்று கம்பளையில் பதாகை அச்சடிக்கும் கடைக்குப் போனேன். எனக்கு முன்னால் தேசிய மட்டத்தில் தங்கம் வென்ற நம் ஊர் நீச்சல் வீராங்கனை நின்றிருந்தாள். கூடவே, ஞாயிற்றுக்கிழமை அவளுக்குப் பாராட்டு விழா எடுக்கும் இருவர்.

திரையில் அவளுடைய படம். கீழே 'மகாவலியின் அரசி' என்ற பட்டம்.

"பட்டம் புடிச்சிருக்கா தங்கச்சி?" என்றார் விழாக்குழுத் தலைவர். "மேடைக்கு வர முன்னுக்கு மகாவலி ஆத்த ஒருக்கா நீந்திக் கடந்துட்டா போதும். சனம் அதப் பார்க்கத்தானே வருது."

"நான் நீச்சல் தடாகத்துல மட்டுந்தாண்ணே நீந்தியிருக்கேன். அங்க அடியில கோடு தெரியும்."

"எல்லாம் தண்ணிதானே!" என்று மற்றவர் சிரித்தார். "அரசியே பயந்தா எப்பிடி?"

அவள் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "பயமில்லண்ணே" என்றாள்.

எனக்குப் பயம் வந்தது அப்போதுதான்.

பதாகையில் ஆறு நீலமாக இருந்தது. திரும்பும்போது பஸ் பாலத்தில் ஊர்ந்தபோது கீழே ஆற்றைப் பார்த்தேன். மலையில் விடாத மழை. செம்மண் நிறத் தண்ணீர் ஒரு முழு மரத்தை வேரோடு புரட்டிக்கொண்டு போனது.

கம்பளைக்காரர்களே, கொடுக்கும் முன்பே ஒரு பட்டத்தைப் பறிக்க யாரிடம் போய்ச் சொல்ல வேண்டும்? ஞாயிற்றுக்கிழமைக்கு முன் பதில் வந்தால் நல்லது.