பல்லில் தொங்கிய பறி

தண்டையார்பேட்டையில் பிறந்த நான், முகத்துவாரக்குப்பத்துக்கு வாக்கப்பட்டு வந்த பிறகுதான் ஆற்றில் இறால் தடவக் கற்றுக்கொண்டேன். கழுத்தளவு தண்ணீரில் உட்கார்ந்து இரண்டு கையாலும் சேற்றைத் துழாவ வேண்டும். பறி என்கிற ஓலைக்கூடையின் கயிற்றைப் பல்லால் கடித்துக்கொள்வோம். கையில் அகப்பட்டதை யோசிக்காமல் பறிக்குள் போட வேண்டும். யோசித்தால் இறால் துள்ளிப் போய்விடும்.

அந்தப் பழக்கம்தான் என்னைக் கவிழ்த்தது. அன்று காலை விரல் கனத்தில் ஏதோ நெளிந்தது. இழுத்துப் பறிக்குள் போட்ட பிறகுதான், இறாலுக்கு ஏது இவ்வளவு நீளம் என்று உறைத்தது.

பக்கத்தில் தடவிக்கொண்டிருந்த என் நாத்தனார் பார்த்துவிட்டாள். என்னைவிட இளையவள். எனக்கும் அவளுக்கும் அதுவரை ஏழாம் பொருத்தம்.

"பூச்சி, அண்ணி. ஆடாத. வாயத் தொறந்துறாத, மடியில வுயும்."

தண்ணீரில் இருக்கும்போது பாம்பு என்ற சொல்லை எங்கள் குப்பத்தில் யாரும் வாயில் எடுக்கமாட்டோம். பூச்சிதான். கடல்பாம்பு கடித்தால் வலிகூடத் தெரியாது, மெல்ல மூச்சு நின்றுவிடும் என்று அவளே எனக்குச் சொல்லியிருக்கிறாள்.

அது தலையைப் பறிக்குள் வைத்துக்கொண்டு, வாலை வெளியே நீட்டியது. சேலைமேல் நான் போட்டிருந்த வீட்டுக்காரரின் பழைய சட்டைக்குள் அந்த வால் பின்பக்கமாகவே நுழைந்தது. தொண்டைக்குழியில் குளிர்ந்து வழுக்கியது. செத்தேன் என்றே நினைத்தேன். கத்தவும் முடியவில்லை. பல் கயிற்றில், கண்ணீர் கன்னத்தில்.

நாத்தனார் என் சட்டைக்குள் கையை விட்டாள். பிடித்தாள். ஒரே இழுப்பில் தூக்கிப் பார்த்தாள். வால் கடல்பாம்பின் வாலைப்போலத் துடுப்பாகத் தட்டையாக இல்லை. ஆணிபோலக் கூராக இருந்தது.

"அட, சேத்து விலாங்கு! வாலாலயே வளை தோண்டுற கய்தை!" என்று சிரித்து, தூர வீசினாள். பாம்பு மாதிரியே இருக்கும் மீன் அது. நான் பறியைத் துப்பிவிட்டு ஓவென்று அழுதேன். பிடித்த இறாலெல்லாம் ஆற்றோடு போனது.

வீட்டுக்கு நடக்கும்போது கேட்டேன். "விலாங்குன்னு தெரிஞ்சுதான கைய வுட்ட?"

கரைக்கு வந்துவிட்டதால் அவள் அந்தச் சொல்லைத் தயங்காமல் சொன்னாள்.

"இல்ல அண்ணி. பாம்புன்னுதான் நென்ச்சேன்."

நான் மறுபடியும் அழுதேன். இந்த முறை அவளுக்காக.