ஏழு கொடுத்த வண்டி

எங்கள் வாசலில் வண்டி நின்றால் பக்கத்து வீட்டுக்காரரின் பைக்குக்கு இடம் இருக்காது. அப்படி ஓர் உடம்பு அதற்கு. முன்னால் உருண்டை விளக்கு இரண்டு, பின்னால் ஓர் ஆள் காலை மடக்கிப் படுத்துக்கொள்ளும் அளவுக்கு டிக்கி. ஒரு காலத்தில் மந்திரிகளும் கலெக்டர்களும் கொடி கட்டிப் போன ரகம். நான் அதில் பள்ளிக்கூட யூனிஃபார்ம் மூட்டைகளை ஏற்றுகிறேன்.

தையல்தான் எனக்குத் தொழில். திண்டுக்கல்லில் வீட்டின் பின்பக்கம் மெஷின்களைப் போட்டு, பெண்கள் நாலைந்து பேரை வைத்துத் தைக்கிறேன். சட்டை, பாவாடை, சுடிதார், மேலே போடும் கோட்டு எல்லாம் தைத்து, வேடசந்தூர், செம்பட்டி, சித்தையன்கோட்டை என்று சின்ன ஊர்களில் இருக்கும் ஜவுளிக்கடைகளுக்கு நானே கொண்டுபோய்க் கொடுப்பேன். பார்சலில் போட்டுவிடலாமே என்று கேட்பவர்கள் உண்டு. போட்டால் துணி போய்ச் சேரும், ஆர்டர் போய்விடும். கடையில் நான் நிற்கும்போதுதான் ஒரு தாய் பிள்ளையை இழுத்துக்கொண்டு வந்து, தோள்பட்டை இறங்குகிறது என்பாள். அங்கேயே டேப்பை எடுத்து அளந்து, அடுத்த வாரம் சரி செய்து கொடுப்பேன். என்னிடம் வாங்குகிற கடைக்காரர்கள் அதற்காகத்தான் வாங்குகிறார்கள்.

வண்டி ஒரு டாக்டர் வீட்டு ஷெட்டில் தூங்கிக்கொண்டிருந்தது. பிள்ளைகள் வெளிநாட்டில், ஓட்ட ஆள் இல்லை. நான் இன்ஜினைப் பார்க்கவில்லை, டயரைப் பார்க்கவில்லை. டிக்கியைத் திறந்து பார்த்தேன், அப்போதே முடிவு செய்துவிட்டேன். "இதென்ன காரா, கல்யாண மண்டபமா?" என்று என் கணவர் கேட்டார். கேட்டுவிட்டுப் போகட்டும் என்று வாங்கினேன்.

அந்த வண்டியைப் பற்றி நல்லது சொல்ல ஆரம்பித்தால் எனக்கு நிறுத்தத் தெரியாது. மழை பெய்த மறுநாள் சேறாகிக் கிடக்கும் தோட்டத்துப் பாதையில் புதுக் கார்கள் வயிறு தட்டி நிற்கும்போது இது யானை மாதிரி நிதானமாக ஏறி வந்துவிடும். சித்திரை வெயிலில் வேடசந்தூர் ரோட்டில் எத்தனை முறை போயிருக்கிறேன், ஒரு நாள்கூட வழியில் நிறுத்தியதில்லை. குழியில் இறங்கினால் சோபாவில் உட்கார்ந்து எழுந்த மாதிரி இருக்கும். ஏதாவது கோளாறு என்றால் எந்த ஊர் மெக்கானிக்கும் ஒரு ஸ்பேனரை வைத்துக்கொண்டே சரி செய்துவிடுவார். கம்ப்யூட்டரை மாட்டிப் பார்க்க வேண்டும் என்று எவரும் சொன்னதில்லை. நாற்பது வயதுக்கு மேல் கார் ஓட்டக் கற்றுக்கொண்டவள் நான். ஸ்டியரிங்கை ஒட்டி நீட்டிக்கொண்டிருக்கும் அந்தக் கியரை முதல் முறையாகச் சத்தமில்லாமல் போட்ட அன்று எனக்கு இருந்த சந்தோஷத்தை வெளியில் சொன்னால் சிரிப்பார்கள்.

ஒரே ஒரு குறை. குடிக்கும். எவ்வளவு குடிக்கிறது என்று எனக்குத் தெரியாது, தெரிந்துகொள்ள வழியும் இல்லை. வாங்கிய நாளிலிருந்து மீட்டர் முள் பூஜ்ஜியத்திலேயே படுத்துக் கிடந்தது. ரோடு இருக்கிறது, கண் இருக்கிறது, மீட்டர் எதற்கு என்று நானும் விட்டுவிட்டேன்.

சென்ற வருடம் என் கணவர் வேலையிலிருந்து ஓய்வு பெற்றார். அரசு அலுவலகத்தில் இருந்தவர். ஒரு காகிதத்தில் கமா தப்பாக இருந்தாலும் திருப்பி அனுப்புகிற மனிதர். வீட்டுக்கு வந்ததும் குழாய்களை எல்லாம் சரி செய்தார், பரணைச் சுத்தம் செய்தார், கடைசியில் அவர் பார்வை வண்டியின் மேல் விழுந்தது. மெக்கானிக்கைக் கூப்பிட்டு, பழைய இரும்புக்கடையில் கிடந்த வேறொரு மீட்டரை வாங்கிவந்து மாட்ட வைத்தார். முகப்பில் எழுத்தெல்லாம் வெயிலில் வெளுத்து அழிந்துபோயிருந்தது. எண்கள் மட்டும் தெரிந்தன. முள் ஆடியது. அவருக்கு அது போதுமானதாக இருந்தது.

அதற்குப் பிறகு பெட்ரோல் பங்க்குக்கு நான் தனியாகப் போக முடியவில்லை. கூடவே பைக்கில் வருவார். டேங்க் நிரம்பியதும் பின் பம்பரைப் பிடித்து வண்டியைக் குலுக்குவார். உள்ளே இருக்கும் காற்று வெளியேறி இன்னும் கொஞ்சம் பெட்ரோல் பிடிக்குமாம். இந்த உடம்பைக் குலுக்குவது லேசான காரியமா? பங்க்கில் நிற்கிறவர்களில் ஒருவரைத் துணைக்குக் கூப்பிடுவார். பின்னால் நிற்கும் வண்டிகள் ஹாரன் அடிக்கும். விளிம்பு தளும்பும்வரை நிரப்பி, மீட்டர் எண்ணை மனதில் வாங்கிக்கொண்டு, அடுத்த முறை மறுபடியும் விளிம்புவரை நிரப்பிக் கணக்குப் போட்டார்.

"ஏழு" என்றார். "லிட்டருக்கு ஏழுதான் குடுக்குது. லாரிகூட இதைவிட நல்லாக் குடுக்கும்."

லாரி கொடுக்காது என்று எனக்குத் தெரியும். இருந்தாலும் ஏழு என்ற எண் என்னை அடித்துப் போட்டுவிட்டது.

மைலேஜ் கிடைக்காத வண்டி என்று ஊரில் தெரிந்துவிட்டால் எல்லாரும் வைத்தியர்தான். கார்பரேட்டரைக் கழற்றிக் கழுவு என்றார் ஒருவர். கழுவினோம். பிளக்கை மாற்று என்றார்கள். மாற்றினோம். டயரில் காற்றைக் கூட்டு என்றார்கள். இப்போது வருகிற பெட்ரோலில் எத்தனால் கலக்கிறார்கள், அதுதான் காரணம் என்று டீக்கடையில் ஒருவர் அடித்துச் சொன்னார். என் கணவரோ, "எல்லாம் உன் காலுதான். மிதிமிதின்னு மிதிக்கிற. நாப்பதுல போனாப் போதும்" என்றார்.

சரி, அதையும் பார்த்துவிடுவோம் என்று முள்ளை நாற்பதில் நிறுத்தி ஓட்டினேன். எனக்குப் பிடிவாதம் வந்தால் அப்படித்தான். நாற்பதுக்கு மேல் ஒரு பொட்டு ஏறவிடவில்லை. ஓர் அதிசயம் என்னவென்றால், நாற்பதில் போயும் வேடசந்தூர் மில் பஸ்களை நான் முந்திக்கொண்டு போனேன். நம் வண்டிக்கு இருக்கிற ஓட்டம் வேறு எதற்கு வரும் என்று பெருமைப்பட்டுக்கொண்டேன். அந்த மாதக் கணக்கு ஏழுக்கும் கீழே போனது.

அன்றைக்குச் சாப்பாட்டு நேரத்தில் வாய்த்தகராறு. "குடுத்துரு இதை. ஒரு மினி வேன்காரன்கிட்டச் சொல்லிட்டா மூட்டையக் கொண்டுபோய்ப் போட்டுட்டு வந்துருவான். நீ ஏன் அலையணும்?" என்றார். எனக்குக் கோபம் வந்தால் வாய் முந்திக்கொள்ளும். "சரி, இன்னும் ஒரு மாசம் பாப்போம். பத்துக்குக் கீழ வந்துச்சுன்னா நானே சாவியத் தாரேன்" என்று சொல்லிவிட்டேன். சொன்ன சொல்லை மாற்றுகிற பழக்கம் என்னிடம் இல்லை என்பது அவருக்குத் தெரியும். வண்டி போனால் நான் போகிற ஊர்களும் போச்சு. மெஷினுக்கும் அடுப்புக்கும் நடுவில் நான் உட்கார்ந்திருக்க வேண்டியதுதான். அப்படி உட்கார எனக்கு வராது.

மாதம் முடியும் முன்பே ஒட்டன்சத்திரத்திலிருந்து ஒருவரை அவர் வரவழைத்துவிட்டார். மாப்பிள்ளை ஊர்வலத்துக்குக் கார் வாடகைக்கு விடுகிறவர். இப்போது பழைய வண்டிகளுக்குத்தான் மவுசாம். வண்டியைச் சுற்றிச் சுற்றி வந்து, "சோக்கா வெச்சிருக்கறீங்க அம்மிணி" என்றார். மைலேஜ் குறைவு என்று என் கணவர் சொன்னதற்கு, "ஊர்வலம் நடை வேகத்துல போறதுங்க, நமக்கெதுக்குங்க மைலேஜு?" என்று சிரித்தார். என் வண்டி மல்லிகைச் சரத்தை மாட்டிக்கொண்டு, நாதஸ்வரத்துக்குப் பின்னால் ஆமை மாதிரி ஊர்ந்து போவதை நினைத்துப் பார்த்தேன்.

"பொகை வருதான்னு மட்டும் பின்னால வந்து பாக்கோணுமுங்க" என்றார் அவர். எனக்கோ செம்பட்டிக்கும் சித்தையன்கோட்டைக்கும் போகிற நாள். நான் முன்னால் போவது, அவர் தன்னுடைய புதுக் காரில் என் கணவரை ஏற்றிக்கொண்டு பின்னால் வருவது என்று ஏற்பாடு. கிளம்பும்போது என் மீட்டரை எட்டிப் பார்த்து எண்ணை மனதில் வாங்கிக்கொள்ள என் கணவர் மறக்கவில்லை. பழக்கம் அப்படி.

வத்தலகுண்டு ரோட்டில் முள்ளை நாற்பதில் வைத்துப் போனேன். ஒரு துளிப் புகைகூட வரவில்லை என்று எனக்கே தெரியும். செம்பட்டி முக்கில் டீக்கடை ஓரமாக நிறுத்தினேன். பின்னாலேயே அவர்களும் வந்து இறங்கினார்கள்.

"பொகையே இல்லீங்க" என்றார் ஒட்டன்சத்திரத்துக்காரர். "ஆனா அம்மிணி ஓட்டற ஓட்டுக்குப் பின்னால வர நான் கொஞ்சம் செரமப்பட்டுட்டனுங்க. அறுவத்தஞ்சுக்குக் கொறையவே இல்லீங்களே."

"அவ நாப்பதுக்கு மேல போறதே இல்லையே" என்றார் என் கணவர்.

"நாப்பதுலதான் வந்தேன். சத்தியமா" என்றேன் நான்.

ஒட்டன்சத்திரத்துக்காரர் எங்கள் இருவரையும் மாறிமாறிப் பார்த்தார். பிறகு என் வண்டிக்குள் தலையை விட்டு, கைக்குட்டையில் எச்சில் தொட்டு மீட்டர் முகப்பைத் துடைத்தார். வெளிச்சத்துக்குச் சாய்ந்து, அழிந்த எழுத்தின் தடத்தைப் பார்த்தார். பார்த்துவிட்டு அப்படி ஒரு சிரிப்பு.

"ஏனுங்க, இது மைல் மீட்டருங்க! ரொம்பப் பழைய வண்டியில இருந்து கழட்டுனது. இது காட்டறதெல்லாம் மைலுங்க, கிலோமீட்டர் இல்லீங்க. நீங்க மைலேஜு மைலேஜுன்னு சொல்லிட்டு, கிலோமீட்டர்னு கணக்குப் பாத்திருக்கறீங்க!"

டீக்கடையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். என் கணவர் போய்ப் புதுக் காரின் மீட்டரைப் பார்த்தார். கிளம்பும்போது அதைப் பூஜ்ஜியத்தில் வைத்திருந்தார்கள், இப்போது இருபத்திரண்டு. என் வண்டியில் பதினாலுகூட ஓடவில்லை. அவர் உதடு அசைந்தது, கணக்குப் போடுகிறார் என்று தெரிந்தது. எனக்குச் சாதகமாக வருகிற கணக்கு என்பதற்காக அவர் அதை மறைக்கவில்லை. அந்த மனிதரிடம் எனக்குப் பிடித்த குணம் அது.

"பதினொண்ணு" என்றார். "பதினொண்ணுக்கு மேலயே குடுக்குது."

எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. வெயில் என்று நினைத்துக்கொள்ளட்டும் என்று முந்தானையால் துடைத்துக்கொண்டேன். இந்த வயதில், இந்த எடையில், இத்தனை மூட்டையைச் சுமந்துகொண்டு பதினொன்று! அதுவும் மைல் கணக்கு தெரியாமல் அறுபத்தைந்தில் விரட்டுவிரட்டு என்று நான் விரட்டியும். எந்தப் புதுக் காரிடம் அந்த வேலையைச் சொல்ல முடியும்? பானட்டை ஒரு தட்டுத் தட்டிக் கொடுத்தேன். கை சுட்டது.

"அப்ப பேச்சு முடிஞ்சது. பத்துக்குக் கீழ வந்தாத்தானே குடுக்கணும்?" என்றேன்.

என் கணவர் டீ கிளாஸைக் கையில் உருட்டிக்கொண்டே, "இருந்தாலும் குடுத்துருவோம்" என்றார்.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. "ஏங்க, ஏழு வந்தாலும் குடு, பதினொண்ணு வந்தாலும் குடுவா? இருபது குடுத்தா என்ன சொல்லுவீங்க? இந்த வண்டி உங்களை என்ன பண்ணுச்சு?"

ஒட்டன்சத்திரத்துக்காரர் டிக்கியைப் பார்க்கப் போகிறவர் போலப் பின்பக்கம் நகர்ந்துவிட்டார். என் கணவர் தரையைப் பார்த்துப் பேசினார்.

"பெட்ரோல் என்ன பெரிய பெட்ரோல். நீ காலையில வாரேன்னு சொல்லிட்டுப் போனா வெளக்கு வைக்கத்தான் வர்ற. தைக்கிற பிள்ளைகளும் மெஷினை விட்டு எந்திரிக்காதுக. நான் அம்புட்டு நேரமும் அந்த வீட்டுல யாருகிட்டப் பேச? வண்டி இல்லேன்னா நீ வீட்டுல இருப்பேல்ல. அதுக்குத்தான்."

கல்யாணமாகி இத்தனை வருடத்தில், நீ இல்லாமல் எனக்குப் பொழுது போகவில்லை என்று அவர் ஒரு தடவைகூடச் சொன்னதில்லை. செம்பட்டி முக்கில், பஸ் ஹாரன் சத்தத்துக்கு நடுவில் சொன்னார். கோபம் எங்கே போனது என்று எனக்குத் தெரியவில்லை.

"வீட்டுல உக்காருறது என்னால ஆகாது. அதை மட்டும் கேக்காதீங்க" என்றேன்.

"தெரியும்" என்றார்.

"சித்தையன்கோட்டையில மூட்டை இறக்கணும். இடுப்பு வலிக்குது. வாரீங்களா?"

அவர் நிமிர்ந்து பார்த்தார். பிறகு ஒட்டன்சத்திரத்துக்காரர் பக்கம் திரும்பி, "இவருக்கு வார்த்தை குடுத்துட்டேனே" என்று இழுத்தார். அந்த நல்ல மனிதர் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார். "அதனாலென்னங்க, நமக்கு வேற வண்டி கெடைக்குமுங்க. நீங்க பொறப்படுங்க" என்றார். டீக்குக் காசும் அவரே கொடுத்துவிட்டுப் போனார்.

முன் சீட்டில் கிடந்த துணிக்கட்டுகளை எடுத்துப் பின்னால் போட்டேன். பட்டன் டப்பாவையும் டேப்பையும் வைக்க இடமில்லை. அவர் ஏறி உட்கார்ந்து இரண்டையும் மடியில் வாங்கிக்கொண்டார்.

"கதவை ஓங்கிச் சாத்துங்க. இல்லேன்னா பாதி வழியில திறந்துக்கும்" என்றேன்.

ஓங்கிச் சாத்தினார். நான் வண்டியைக் கிளப்பினேன். எத்தனை கடைக்குப் போக வேண்டும், வீட்டுக்கு எப்போது திரும்புவோம் என்று அவர் கேட்கவேயில்லை.