அடிபட்டவள் சொல்ல வேண்டும்

"ஏம்மா, பி.எல். படிச்சவங்களே வாய மூடிகினு நிக்கிற எடம் இது. பிளஸ் டூ படிக்கிற பொண்ணு, நீ என்னாத்தக் கேக்கப் போற?"

கோர்ட் வராந்தாவில் எதிர்த்தரப்பு வக்கீலின் குமாஸ்தா என்னிடம் இப்படிச் சொன்னபோது அம்மா பக்கத்தில்தான் நின்றிருந்தாள். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அந்தக் கர்வம் எனக்கு அன்றும் உண்டு, இன்றும் உண்டு. நான் கேட்டது ஒன்றுதான்: "எங்கம்மாவ ஒரு வார்த்த கேக்காம கேஸ எப்படி முடிப்பீங்க?"

அம்மா சுரங்கத்தில் கான்ட்ராக்ட் கூலி. பெல்ட்டிலிருந்து சிந்தும் நிலக்கரியைக் கூடையில் அள்ளும் வேலை. காலை ஷிப்டுக்குப் பெண்கள் கேட் முன்னால் வரிசையில் நிற்க, மேஸ்திரி பெயர் சொல்லி உள்ளே அனுப்புவான். வயதான ஒருத்தியை அவன் தினமும் திருப்பி அனுப்புவது ஏன் என்று அம்மா கேட்டாள். அறைந்துவிட்டான். உதடு கிழிந்தது. வரிசை முழுதும் பார்த்தது. சும்மாட்டுத் துணியால் வாயைப் பொத்திக்கொண்டு அம்மா நேரே போலீஸ் ஸ்டேஷனுக்கு நடந்தாள்.

மேஸ்திரிக்கு பெர்மனென்ட் ஆர்டர் வரவேண்டிய நேரம் அது. தண்டனை விழுந்தால் வேலை போயிற்று. சமரசமாக முடிந்தால் விடுதலை, பெயரில் கறை இல்லை. அவனுடைய மச்சான் மந்தாரக்குப்பம் டீக்கடையில் அப்பாவை உட்காரவைத்துப் பேசினான். அப்பாவும் அதே மேஸ்திரியிடம்தான் கூலி. வீட்டுப் பெண்ணுக்கு வந்த வம்பை ஆண்கள் பேசி முடிப்பதுதான் எங்கள் பக்கத்து வழக்கம். அப்பா தலையாட்டிவிட்டு வந்தார். அதில் தவறு இருப்பதாக அம்மாவையும் என்னையும் தவிர யாருக்கும் தோன்றவில்லை.

கோர்ட்டில் பெயர் கூப்பிட்டதும் அப்பாதான் முன்னால் போய்க் கைகூப்பினார். "சமாதானமாப் போயிட்டோங்கய்யா."

மாஜிஸ்திரேட் நிமிர்ந்து பார்த்தார். "அடி வாங்கினது நீங்களா?"

பின்னால் யாரோ சிரித்தார்கள்.

"அடிபட்டவங்க சம்மதிச்சாத்தான் சமரசம். அந்த அம்மா சொல்லட்டும்."

அம்மாவின் பிடி என் மணிக்கட்டில் இறுகியது. "நான் இன்னும் சமாதானம் ஆவலீங்க" என்றாள். வழக்கு அடுத்த வாய்தாவுக்குத் தள்ளிப்போனது.

வெளியே வந்ததும் மச்சான் வழிமறித்தான். "எவ்ளோதான் வேணுங்கிற?"

"காசு எவன் கேட்டான்? கேட்டு முன்னால எல்லார் எதிர்லயும் அடிச்சான். அங்கியே வந்து தப்புன்னு சொல்லச் சொல்லு."

மறுநாளிலிருந்து மேஸ்திரி அப்பாவின் பெயரையும் கூப்பிடவில்லை. இரண்டு கூலியும் நின்றது. அப்பா தட்டைத் தள்ளிவைத்துவிட்டு, "உன் வீம்பால வூடே பட்டினி கெடக்குது" என்றார். "அறைஞ்சது உன் கன்னத்துலயா?" என்றாள் அம்மா. என் படிப்பு நின்றுவிடுமோ என்று நானும் பயந்தேன். 'போதும்மா, விட்டுடு' என்ற வார்த்தை எத்தனையோ முறை தொண்டைவரை வந்து நின்றது.

வாய்தா நெருங்கிய பிறகு ஒரு காலையில் மேஸ்திரி அனுப்பிய ஆள் வந்து அம்மாவை கேட்டுக்கு அழைத்தான். எங்கள் ஊர் வடக்குத்திலிருந்து அம்மாவுடன் நானும் நடந்தேன். பெண்கள் கூடையை இடுப்பில் இடுக்கியபடி வரிசையில் நின்றார்கள். மேஸ்திரி தரையைப் பார்த்துக்கொண்டு, "தெரியாம அடிச்சுட்டேன்க்கா" என்றான்.

"தெரியாமயா?" என்றாள் அம்மா.

அந்த அரைகுறை வார்த்தையோடு விட்டாலே அன்றைக்கு அப்பாவுக்கு வேலை கிடைத்துவிடும். அம்மா அவன் முகத்தை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

"தெரிஞ்சிதான் அடிச்சேன். தப்புதான்."

"சத்தமா சொல்லு மேஸ்திரி, கடேசில நிக்கிறவளுக்குக் கேக்கல" என்றாள் வரிசையில் ஒருத்தி. அவன் இன்னொரு முறை சொன்னான்.

வாய்தா அன்று மாஜிஸ்திரேட், "யாராவது மிரட்டினாங்களா?" என்று கேட்டார்.

"மிரட்டினாங்கய்யா. அதுக்குப் பயந்து வரல. கேட்டது கெடச்சுது, முடிச்சுக்கறேன்."

அவன் விடுதலையானான், பெர்மனென்டும் ஆனான். அம்மா வேறொரு கான்ட்ராக்டரிடம் இன்றும் கூடை தூக்குகிறாள். அவன் அப்படித் தப்பியது நியாயமா என்று எனக்கு இன்னும் தெளிவாகவில்லை. ஆனால் அவனை விடுவித்த சொல் எழுதப் படிக்கத் தெரியாத என் அம்மாவுடையது. அவள் வாயைத் திறக்கும்வரை மொத்தக் கோர்ட்டும் காத்திருந்தது.

பி.ஏ. முடித்த வருடம், சட்டம் படிக்கப் போகிறேன் என்று அப்பாவிடம் சொன்னேன். "நாலு பேரக் கலந்துகினு சொல்றேன் பாப்பா" என்றார் அப்பா. அவர் யாரையும் கலந்து பேசத் தேவையிருக்கவில்லை. முந்தின திங்கட்கிழமையே சட்டக் கல்லூரியில் சேர்ந்து, விடுதியில் என் பெட்டியையும் வைத்துவிட்டு வந்திருந்தேன்.