ஜனாதிபதி டிவியில் சொன்னது

வெளிநாட்டில், சவுத்தால் என்ற ஊரில், ஒரு லாண்டரியில் என்னோடு துணி தேய்த்தவர், தன் நாட்டு இராணுவத்தை எதிர்த்து எழுதிவிட்டுத் தப்பி வந்த பத்திரிகைக்காரர். அங்கே ஆட்சியைப் பிடித்த புது ஜெனரல் சீருடையைக் கழற்றிவிட்டுக் கோட்டுப் போட்ட ஜனாதிபதியானார். ஊழல் மந்திரிகளைச் சிறையில் போட்டார். நாட்டை விட்டுப் போனவர்கள் பயமில்லாமல் திரும்பலாம் என்று டிவியில் சொன்னார்.

"நான் போகலாமா?" என்று நண்பர் என்னிடம்தான் கேட்டார். "எல்லாவற்றுக்கும் பயப்படுகிற ஆள் நீ. உனக்கே பயமில்லை என்றால் எனக்கும் இல்லை."

எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். எங்கள் நாட்டு இராணுவத்துக்கு, ஆமிக்கு, பயந்து ஊரை விட்டு ஓடி வந்தவன். ஆனாலும் அந்த ஜனாதிபதியின் பேச்சை நம்பினேன். போகச் சொன்னேன்.

விமான நிலையத்திலேயே அவரைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள் என்று அவர் மனைவி லாண்டரிக்குப் போன் செய்து அழுதார்.

வீட்டில் என் மனைவி கேட்டாள்: "கதவு பூட்டினதோ எண்டு மூண்டு தரம் இழுத்துப் பாக்கிற மனுசன் நீங்கள். அவரை என்னெண்டப்பா போகச் சொன்னனீங்கள்?"

"அந்தாள் டிவியில சொன்னவர்."

"ஆமிக்காரன் சொன்னவராம்."

நண்பர் போட்டுக்கொண்டு போன கோட்டை நான்தான் தேய்த்துக் கொடுத்திருந்தேன்.