சித்தி நட்ட செர்ரி மரங்கள்

எங்கள் வீட்டுக் கிணற்றடியில் செர்ரி மரம் வரப்போகிறது என்றதும், கேக் மேல் வைக்கும் சிவப்புப் பழம்தான் காய்க்கப்போகிறது என்று வகுப்பு முழுக்கச் சொல்லிவிட்டேன். சித்தி நர்சரியிலிருந்து கொண்டுவந்ததோ சிங்கப்பூர் செர்ரி. சுண்டைக்காய் அளவில் பழுக்கும். வாயில் போட்டால் சர்க்கரைப் பாகு. இன்றும் தெருவோரம் அந்த மரத்தைக் கண்டால் வண்டியை நிறுத்தாமல் என்னால் போக முடிவதில்லை.

அம்மாவின் தங்கையான சித்தி பவானியில் வாழ்க்கைப்பட்டவர். அந்தக் கோடையில் ஒற்றைப் பையோடு தொண்டாமுத்தூருக்கு, எங்கள் வீட்டுக்கு வந்தார். லீவுக்கு வந்திருப்பதாகச் சொன்னார்கள். பள்ளிக்கூடம் திறந்த பிறகும் அவருக்கு மட்டும் லீவு முடியாதது எனக்குப் பொறாமையாக இருந்தது.

சித்தி கொண்டுவந்த இரண்டு கன்றுகளையும் வேலியோரம் நெருக்கி வைத்துவிடச் சொன்னார் அப்பா.

“வேண்டாமுங்க மாமா. பெருசானா கொப்பு ஒண்ணோடொண்ணு பின்னிக்கும். நடுவுல கட்டில் போடற அளவுக்கு எடம் உடோணுமுங்க,” என்றார் சித்தி.

அப்பா அம்மாவைப் பார்த்தார். அம்மா அடுப்பில் ஏதோ இருப்பதுபோல உள்ளே போய்விட்டார்.

நானும் சித்தியும் குழி எடுத்து, மக்கிய சாணி எருவை மண்ணோடு கலந்து, வேர்மண் உதிராமல் கன்றுகளை இறக்கினோம். பக்கத்தில் குச்சி ஊன்றி வாழைநாரால் கட்டினேன்.

“இறுக்காத கண்ணு. தண்டை அறுத்துப்போடும். அதுக்கு மூச்சு வேணுமல்லோ?” என்று சிரித்தார். சித்தி சிரித்து நான் பார்த்தது அந்தக் கன்றுகளுக்குப் பக்கத்தில்தான்.

அவை என் தலையைத் தாண்டி வளர்ந்த சமயத்தில், பவானியிலிருந்து சித்தப்பாவும் அவரைப் பெற்றவர்களும் காரில் வந்தார்கள். தட்டு நிறையப் பழம், பூ, எனக்கொரு பட்டுப் பாவாடை. முன்னறையில் வெகுநேரம் பேச்சு நடந்தது. சித்தி அந்தப் பக்கமே வரவில்லை. ஏற்கெனவே நனைந்திருந்த பாத்தியில் மறுபடி மறுபடி தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார். கடைசியில் அப்பா கிணற்றடிக்கு வந்தார்.

“எல்லாம் பேசியாச்சு அம்மணி. பொறப்படு.”

“இது காய்க்கற வரைக்குமாச்சும் இருந்துக்கறனுங்க மாமா.”

அப்பா கீழே பார்த்தபடி நின்றார். நான்தான் முந்திக்கொண்டேன். “நான் பாத்துக்கறனுங்க சித்தி. நீங்க தைரியமாப் போங்க.”

என்ன கெட்டிக்காரி என்று பவானிக்காரர்கள் மெச்சினார்கள். சித்தி என் கன்னத்தைத் தொட்டுவிட்டு, சேறு படிந்த கைகளைக் கழுவப் போனார்.

அடுத்த வருடம் மரம் கொள்ளாமல் பழுத்தது. மடி நிறையப் பறித்துக்கொண்டு அம்மாவின் போனில் அவரைக் கூப்பிட்டேன்.

“சித்தி, பழுத்துருச்சுங்க! எப்ப வாரீங்க?”

“இனிக்குதா கண்ணு?”

“தேனாட்ட இருக்குதுங்க.”

“இன்னும் ரெண்டு தின்னு. நான் கேட்டுட்டு இருக்கறேன்.”

போனைக் காதில் வைத்தபடியே தின்றேன். மறுமுனையில் மூக்கை உறிஞ்சும் சத்தம் மட்டும் வந்தது. சித்திக்குச் சளி பிடித்திருக்கிறதென்று அம்மாவிடம் சொல்லிவிட்டு, மிச்சப் பழத்தைப் பறிக்க ஓடினேன்.